கணித மேதை லெவி-சிவிற்றா

பெரியோர் வரலாறு எழுதப் புகுவோர் அரசர், தலைவர், புலவர் என்போருள் ஒருவரைத் தெரிந்துகொள்வதே பெருவழக்கு. கணித அறிஞர் ஒருவரைப் பற்றி ஆண்டு மலரில் எழுதப் புகுந்தமை அன்பர்கள் சிலருக்கு வியப்பைத் தரலாம். கணிதம் என்றதும் பரீட்சை மண்டபமும் சுவர்க் கடிகாரமுமே பலர் நினைவில் எழுவன. அக்கலையை வளர்த்தோரும் எம்மைப் போலவே மகிழ்ந்தும் துன்புற்றும் வாழ்ந்தவர்கள் என்பதை நாம் எண்ணிப் பார்ப்பதில்லை.

பல்கலைக்கழக விரிவுரையொன்றில் லெவி-சிவிற்றா என்னும் பெயர் ஒரு குறியீட்டின் பெயராகக் கரும்பலகையில் எழுதப்பட்டபோது, அது லெவி என்பாரும் சிவிற்றா என்பாருமாகிய இருவர் பெயர் என்றே நாம் சில வாரங்கள் கருதியிருந்தோம். அவர் ஒருவரே என்பதையும், ஐன்ஸ்ரைன் போன்ற மேதையின் கணக்கில் வழுக் கண்டு உரைத்தவர் என்பதையும், நாற்பது ஆண்டுக்கு மேல் மாணவர்க்குக் கற்பித்த பின்னர் தம் நாட்டு அரசினாலேயே வகுப்பறையினின்றும் வெளியேற்றப்பட்டவர் என்பதையும் பின்னர் நூல்நிலையத்தில் அறிந்தோம். அவ்வாறு அறிந்ததன் பயனே இக்கட்டுரை.

பிறப்பும் இளமையும்

துல்லியோ லெவி-சிவிற்றா 1873ஆம் ஆண்டு மார்ச்சு மாதம் 29ஆம் நாள், வட இத்தாலியிலுள்ள பதுவா நகரில், யூதக் குடும்பமொன்றிற் பிறந்தார். அவர் தந்தையார் ஜாக்கோமோ லெவி-சிவிற்றா புகழ்வாய்ந்த வழக்கறிஞர். சிதறிக் கிடந்த சிற்றரசுகளை ஒன்றாக்கி இத்தாலி என்னும் ஒரு நாட்டை ஆக்குவதற்குக் கரிபால்டி படை திரட்டிய காலத்தில், அப்படையில் தொண்டராகச் சேர்ந்தவர். பின்னாளில் பதுவாவின் நகரபிதாவாகவும், 1908ஆம் ஆண்டு முதல் இத்தாலிய மூதவையின் உறுப்பினராகவும் விளங்கினார். தந்தையார் அந்நாட்டிற்காகப் போர்க்களம் புகுந்தவர் என்பதை வாசகர்கள் நினைவில் வைத்துக்கொள்ளல் வேண்டும். மைந்தனின் இறுதிக் காலத்தைச் சொல்லுமிடத்து அதனை மீண்டும் நினைக்க நேரும்.

மகனும் தம்மைப்போல் சட்டம் பயிலவேண்டும் என்பதே தந்தையாரின் விருப்பம். ஆனால், சிறுவயதிலேயே மைந்தனின் உள்ளம் கணிதத்திற் படிந்துவிட்டதைக் கண்டு அவர் தடை சொல்லவில்லை. பதுவாவிலேயே பள்ளிப் படிப்பை முடித்த துல்லியோ, அவ்வூர்ப் பல்கலைக்கழகத்திற் புகுந்தார். 1222ஆம் ஆண்டில் தோன்றிய அப்பல்கலைக்கழகத்திலே தான் கலிலியோ 1592 முதல் 1610 வரை கணிதம் கற்பித்தார். அத்தகைய பழம்பெருமை வாய்ந்த இடத்தில் லெவி-சிவிற்றாவுக்கு ஆசிரியராக வாய்த்தவர் கிரெகோரியோ றிச்சி என்பார்.

ஆசிரியரும் மாணவரும்

றிச்சி அவர்கள் 1880ஆம் ஆண்டு முதல் பதுவாவிற் கற்பித்து வந்தார். அவர் வளர்த்துவந்த துறை அக்காலத்தில் எவராலும் பெரிதாக மதிக்கப்படவில்லை. அத்துறை யாதெனச் சிறிது விளக்குவோம்.

ஓரிடத்தைக் குறிப்பதற்கு நாம் அச்சுக்களையும் கோடுகளையும் வரைந்து எண்களைக் கொடுக்கின்றோம். அக்கோடுகள் நாம் வரைந்தவையே. மலைக்கும் கடலுக்கும் அவற்றோடு உறவு எதுவுமில்லை. ஒருவர் ஒருவகைக் கோடுகளையும் வேறொருவர் வேறுவகைக் கோடுகளையும் வரையலாம். ஆயின் உண்மை ஒன்றே. எவ்வகைக் கோடுகளை வரைந்தாலும் வடிவம் மாறாது நிற்கும் சமன்பாடுகளை எழுதுவது எங்ஙனம்? இவ்வினாவிற்கு விடையாக றிச்சி அமைத்ததே தனி வகையீட்டு நுண்கணிதம். ஜேர்மனிய அறிஞர் றீமான் 1854ஆம் ஆண்டில் ஆற்றிய பேருரையும், கிறிஸ்ரொவ்வெல் 1869ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆராய்ச்சியும் அதற்கு அடிப்படைகளாயின.

றிச்சியின் முறையைக் கண்ட பெரியோர் பலர், இது புதிய குறியீடேயன்றிப் புதிய உண்மை அன்று என்று ஒதுக்கினர். 1901ஆம் ஆண்டில் அவர் உரோமாபுரியின் லிஞ்சேய் கழகத்து அரச பரிசிலை நாடியபோது அப்பரிசில் அவருக்குக் கிட்டவில்லை. இருபது ஆண்டு இளையவரான மாணவர் லெவி-சிவிற்றாவே அம்முறையின் ஆற்றலை முற்ற உணர்ந்தார்.

ஜேர்மனியின் பிலிக்ஸ் கிளைன் என்னும் பேராசிரியரின் வேண்டுகோளுக்கிணங்க ஆசிரியரும் மாணவரும் சேர்ந்து, பிரெஞ்சு மொழியில் 77 பக்கங்கொண்ட பெருங்கட்டுரை ஒன்றை எழுதினர். அஃது 1900ஆம் ஆண்டில் ஜேர்மனியக் கணித இதழொன்றில் வெளிவந்தது. பரிசில் மறுக்கப்பட்ட ஆசிரியரின் உழைப்பு அழிந்துபோகாது உலகின் கண்முன் நிற்கச் செய்தது இக்கட்டுரையேயாம். குருவின் கலையைப் பேணும் மாணவனின் கடன் என்பதை லெவி-சிவிற்றா சொல்லாமற் செய்துகாட்டினார்.

இதற்கிடையில் அவர் பாவியா நகரிற் சிறிது காலம் கற்பித்து, 1898ஆம் ஆண்டில் பதுவாவிலே பொறியியற் கணிதத்தின் பேராசிரியரானார். அப்பொழுது அவருக்கு வயது 25. இருபது ஆண்டுகள் அப்பதவியிலிருந்தார். 1914ஆம் ஆண்டில், தம்மிடம் கல்வி பயின்ற லிபெரா திரெவிசானி என்னும் மங்கையை மணந்தார்.

ஐன்ஸ்ரைனுக்கு எழுதிய கடிதங்கள்

1912ஆம் ஆண்டளவில் ஐன்ஸ்ரைன் ஈர்ப்புவிசையைப் பற்றிய புதிய கொள்கையொன்றை உருவாக்க முயன்றுகொண்டிருந்தார். வெளியும் காலமும் வளைந்தவை என்பது அவர் எண்ணம். வளைந்தவற்றைக் கணிக்கும் முறையோ அவரிடம் இல்லை. சூரிச் நகரில் அவருடைய பழைய தோழர் மார்செல் குரொஸ்மன், றிச்சியும் லெவி-சிவிற்றாவும் அமைத்த முறையை எடுத்துக்காட்டினார். பரிசிலுக்குத் தகாததென ஒதுக்கப்பட்ட நுண்கணிதம் அண்டத்தின் இலக்கணத்தை எழுதும் எழுத்தாயிற்று.

1915ஆம் ஆண்டு வசந்த காலத்தில், ஐன்ஸ்ரைன் முந்திய ஆண்டில் வெளியிட்ட கட்டுரையொன்றை லெவி-சிவிற்றா நுணுகிப் படித்து, அதன் முக்கியமான நிறுவலொன்றில் வழு உண்டென எழுதினார். ஐன்ஸ்ரைன் முதலில் இணங்கவில்லை. நிறுவலைத் திருத்தித் திருத்தி மறுமொழி எழுதினார். மார்ச்சு முதல் மே வரை கடிதங்கள் அடுத்தடுத்துச் சென்றன. இத்தாலியர் ஒவ்வொரு முறையும் பணிவோடும் உறுதியோடும் குறையைச் சுட்டினார். ஈற்றில் நிறுவல் முழுமையானதன்று என்பதை ஐன்ஸ்ரைன் ஒப்புக்கொண்டார். மே மாதம் 23ஆம் நாள் இத்தாலி போரிற் புகுந்தது. இருவர் நாடுகளும் எதிரணிகளில் நின்றமையால் கடிதப் போக்குவரத்தும் நின்றது. அவ்வாண்டு நவம்பர் மாதத்தில் ஐன்ஸ்ரைன் பழைய சமன்பாடுகளைக் கைவிட்டு, இன்று உலகம் அறிந்த சமன்பாடுகளை வெளியிட்டார். அவர் மனம் மாறியதற்குக் காரணங்கள் பல. பதுவாவிலிருந்து வந்த கடிதங்கள் விதைத்த ஐயமும் அவற்றுள் ஒன்றெனக் கொள்ளல் தவறாகாது.

இங்கு நாம் கற்கவேண்டியது ஒன்றுண்டு. பெரியவர் ஒருவர் பிழைசெய்தவிடத்து அதனை மறைத்தலும் முறையன்று; இகழ்ந்து பேசுதலும் முறையன்று. லெவி-சிவிற்றா அக்கொள்கை வெல்லவேண்டும் என்று விரும்பியே அதன் குறையைச் சொன்னார்.

சமாந்தரம் என்பது யாது?

அக்கடிதங்கள் தூண்டிய சிந்தனையின் பயனாகவே லெவி-சிவிற்றாவின் தலைசிறந்த ஆராய்ச்சி பிறந்தது. போர்முனைக்கு அணித்தாயிருந்த பதுவாவிலிருந்து அவர் எழுதிய அக்கட்டுரை, 1917ஆம் ஆண்டில் பலேர்மோ நகரக் கணித வட்டத்தின் இதழில் வெளிவந்தது. அவர் எடுத்துக்கொண்ட வினா ஒரு சிறுவனும் கேட்கக்கூடியது: வளைந்த பரப்பொன்றில் இரண்டு திசைகள் சமாந்தரமானவை என்று எப்பொழுது சொல்லலாம்?

தட்டையான தாளில் இதில் இடர் இல்லை. அங்கிருக்கும் அம்பை இங்கே நகர்த்தி வைத்தால் தெரிந்துவிடும். உலக உருண்டையின்மேல் அவ்வாறு செய்ய இயலாது. ஓரிடத்துத் தரையோடு படிந்து கிடக்கும் அம்பு, அப்படியே வேறிடத்திற்கு நகர்த்தப்பட்டால் தரையைத் துளைத்துக்கொண்டோ வானத்தை நோக்கியோ நிற்கும்.

லெவி-சிவிற்றா சொன்ன வழி இது. அம்பை ஒரு சிறு அடி மட்டும் நகர்த்துக. அது பரப்பைவிட்டுச் சற்றே மேலெழுந்திருக்கும். அவ்வாறு எழுந்த கூற்றைத் தள்ளிவிட்டு, அவ்விடத்துத் தொடலித் தளத்தில் விழும் அதன் நிழலை மட்டும் எடுத்துக்கொள்க. பின்னர் அடுத்த அடியை வைக்க. இப்படியே அடியடியாகச் செல்க. நிழல் அம்பிலும் குறுகியதன்றோ, பல அடிகள் சென்றபின் அம்பு தேய்ந்துவிடாதோ என்று ஒருவர் கேட்கலாம். நல்ல கேள்வி. ஓரடியில் ஏற்படும் குறைவு அவ்வடியின் நீளத்தினது வர்க்கத்தின் அளவினது. அடியைப் பத்தில் ஒன்றாகச் சிறிதாக்கினால் ஓரடியின் குறைவு நூறில் ஒன்றாகும்; அடிகளின் தொகையோ பத்து மடங்கே பெருகும். எனவே மொத்தக் குறைவு பத்தில் ஒன்றாகும். அடிகள் மேன்மேலுஞ் சிறுக்க, குறைவு பூச்சியத்தை அணுகும். ஆகவே அம்பின் நீளம் சிறிதும் மாறுவதில்லை. இரு அம்புகளைக் கூடவே எடுத்துச் சென்றால் அவற்றிடையே உள்ள கோணமும் மாறுவதில்லை.

தோடம்பழத்தைக் கொண்டு இதனை எவரும் செய்து பார்க்கலாம். பழத்தின்மேல் பாதையொன்றை வரைந்து, அப்பாதை நெடுகிலும் தோலை ஒடுங்கிய நாடாவாக உரித்து மேசைமேல் தட்டையாக விரிக்க. பாதையின் தொடக்கத்தில் ஓர் அம்பை வரைந்து, அதற்குச் சமாந்தரமாக நாடா முழுவதும் அம்புகளை வரைக. பின்னர் நாடாவைப் பழத்தின்மேல் முன்போற் பொருத்துக. அவ்வம்புகளே லெவி-சிவிற்றாவின் சமாந்தர அம்புகள்.

இதிலே தோன்றும் புதுமை யாதெனின், பரப்பு வெளியில் எவ்வாறு வளைந்து கிடக்கின்றது என்பதை அறியாமலே, பரப்பின்மேல் ஊர்ந்து திரியும் எறும்பு தன் நீள அளவுகளைக் கொண்டே இச்சமாந்தரத்தைக் கணித்துவிடலாம். தாளொன்றை உருளையாகச் சுருட்டினாலும் அதில் வரைந்த சமாந்தரங்கள் சமாந்தரங்களே. ஏனெனில், சுருட்டுவதால் தாளிலுள்ள நீளங்கள் மாறுவதில்லை. அளவு விதி ஒன்றே போதும். அண்டத்திற்கு வெளியே நின்று அதன் வளைவைப் பார்க்க எவராலும் இயலாது. உள்ளே நின்றே அறியவேண்டிய எமக்கு இதனினும் பயன்தரும் உண்மை வேறுண்டோ?

பயணத்தின் முடிவில்

இனி, உலக உருண்டையில் ஒரு பயணம் செல்வோம். பூமத்தியரேகையும் 0 பாகை நெடுங்கோடும் சந்திக்கும் இடத்தில், வடக்கு நோக்கிய அம்பு ஒன்றை எடுத்துக்கொள்க. அந்நெடுங்கோட்டின் வழியே வடமுனைவுக்குச் செல்க. அங்கிருந்து 90 பாகைக் கிழக்கு நெடுங்கோட்டின் வழியே இறங்கிப் பூமத்தியரேகையை அடைக. அங்கே அம்பு கிழக்கு நோக்கி நிற்கும். பூமத்தியரேகை வழியே மேற்காகச் சென்று புறப்பட்ட இடத்தை மீண்டும் சேர்க. வடக்கு நோக்கிப் புறப்பட்ட அம்பு கிழக்கு நோக்கித் திரும்பி வந்திருக்கும். ஒரு செங்கோணம் மாறிவிட்டது!

வழியில் அம்பை எவரும் திருப்பவில்லை. ஒவ்வோர் அடியிலும் அது தன் நேர்மையைக் காத்தே வந்தது. அப்படியாயின் மாற்றம் எங்கிருந்து வந்தது? பயணம் சூழ்ந்த நிலப்பரப்பின் வளைவிலிருந்து வந்தது. அம்முக்கோணியின் மூன்று கோணங்களும் செங்கோணங்கள். கூட்டுத்தொகை 270 பாகை. தட்டையான முக்கோணியின் 180 பாகையினும் அது 90 பாகை மிகுதி. அம்பு திரும்பியதும் அதே 90 பாகை. றீமான் சமன்பாட்டில் மறைந்திருந்த வளைவு என்னும் பொருளுக்கு, கண்ணாற் காணத்தக்க வடிவத்தை லெவி-சிவிற்றா இவ்வாறு தந்தார்.

அளவு காக்கும் இணைப்பு

ஓரிடத்துத் திசைகளை அடுத்த இடத்துத் திசைகளோடு பொருத்தும் விதியை இன்று கணிதவியலார் இணைப்பு என்பர். நீளத்தையும் கோணத்தையும் மாற்றாது பொருத்துமாயின் அஃது அளவு காக்கும் இணைப்பு. லெவி-சிவிற்றாவின் இணைப்பு அத்தகையது. ஆயினும் அளவு காக்கும் இணைப்பு அஃதொன்றே என எண்ணுதல் கூடாது. மாலுமி ஒருவன் திசையறிகருவியைப் பார்த்து, வடக்கோடு ஒரே கோணத்தில் உள்ள திசைகளெல்லாம் சமாந்தரம் என விதிக்கலாம். அவ்விதியும் நீளத்தையும் கோணத்தையும் காக்கின்றது. ஆனால் அதில் ஒரு முறுக்கு உண்டு. கிழக்கே நூறு மைல் சென்று பின் வடக்கே நூறு மைல் செல்பவனும், முதலில் வடக்கே நூறு மைலும் பின் கிழக்கே நூறு மைலும் செல்பவனும் ஒரே இடத்தைச் சேரார். நெடுங்கோடுகள் வடக்கே போகப்போக நெருங்குவதே காரணம். சிறு இணைகரம் மூடிக்கொள்ளாத இத்தன்மையையே முறுக்கு என்பர். பிரான்சின் எலீ காட்டான் 1922ஆம் ஆண்டு முதல் இதனை விரித்தாராய்ந்தார்.

அளவு காத்தல், முறுக்கின்மை ஆகிய இரண்டையும் ஒருங்கே வேண்டினால் எத்தனை இணைப்புக்கள் கிடைக்கும்? ஒன்றே ஒன்று. ஒவ்வோர் அளவு விதிக்கும் ஓர் இணைப்பு உண்டு. அதற்கு மேல் இல்லை. அதுவே லெவி-சிவிற்றாவின் பெயரைத் தாங்கி நிற்பது. மாலுமியின் விதிப்படி திசைமாறாது செல்லும் பாதை இரு இடங்களுக்கிடையே பெரும்பாலும் சுற்றுவழியாகும். லெவி-சிவிற்றாவின் விதிப்படி திசைமாறாது செல்லும் பாதையோ, அடுத்தடுத்த இடங்களுக்கிடையே மிகக் குறுகிய பாதையாகவும் அமைகின்றது.

அளவு காத்தல் எத்துணை இன்றியமையாதது என்பதை 1918ஆம் ஆண்டில் நிகழ்ந்த வாதமொன்று காட்டிற்று. ஹேர்மன் வைல் என்னும் ஜேர்மனிய மேதை, திசை பாதையைப் பொறுத்து மாறலாமெனின் நீளமும் ஏன் அவ்வாறு மாறலாகாது என்று வினவினார். அவ்வழியே ஈர்ப்பையும் மின்காந்தத்தையும் ஒன்றாக்க முயன்றார். அழகிய கொள்கைதான். ஆயினும் ஐன்ஸ்ரைன் ஒரு தடையைச் சொன்னார். நீளம் பாதையைப் பொறுத்ததாயின் காலமும் அவ்வாறே ஆகும். வெவ்வேறு வழிகளில் வந்த இரண்டு ஐதரசன் அணுக்கள் வெவ்வேறு நிற ஒளியை வீசவேண்டும். எங்கிருந்து வந்தாலும் ஐதரசனின் ஒளிக்கோடுகள் ஒன்றாகவே இருக்கின்றன. ஆகவே இயற்கை அளவைக் காக்கின்றது என்பது தெளிவு. வைலின் எண்ணமும் வீணாகவில்லை. 1929ஆம் ஆண்டில் அவரே அதனை வேறு உருவில் சொட்டுப் பௌதிகத்திற்கு அளித்தார். இன்றைய துணிக்கைப் பௌதிகம் அதன்மேல் நிற்கின்றது.

இவையெல்லாம் ஏட்டுச் சுரைக்காயோ எனின், அன்று. 2004ஆம் ஆண்டில் அமெரிக்கர் பூமிக்கு மேலே 642 கிலோமீற்றர் உயரத்தில் செயற்கைத் துணைக்கோள் ஒன்றைச் சுற்றவிட்டனர். மேசைப் பந்தளவான நான்கு பளிங்குக் கோளங்கள் அதனுள்ளே பம்பரங்களாகச் சுழன்றன. விசை எதுவும் திருப்பாத பம்பரத்தின் அச்சு, லெவி-சிவிற்றா சொன்ன அம்பைப் போன்றது. பூமியின் அருகே வெளியும் காலமும் வளைந்திருப்பதால், அவ்வச்சு ஆண்டொன்றுக்கு 6.606 விகலை திரும்பவேண்டும் எனக் கணிக்கப்பட்டது. விகலை என்பது ஒரு பாகையின் 3600இல் ஒரு பங்கு. 2011ஆம் ஆண்டில் வெளியான அளவீடு 6.602 விகலை. கணிப்புக்கும் அளவீட்டுக்கும் உள்ள வேறுபாடு அளவீட்டு வழுவின் எல்லைக்குள்ளேயே அடங்கிற்று.

உரோமாபுரியில்

1918ஆம் ஆண்டில் லெவி-சிவிற்றா உரோமாபுரிப் பல்கலைக்கழகத்திற்கு அழைக்கப்பட்டார். அங்கு அவர் இல்லம் பல நாட்டு மாணவர்க்கும் திறந்திருந்தது. ஒல்லாந்தரான திர்க் ஸ்ரொயிக் போன்றோர் அவரிடம் வந்து பயின்றனர். குள்ளமான உருவமும் கலகலப்பான பேச்சும் உடையவர் என அறிந்தோர் எழுதிவைத்துள்ளனர். விரிவுரைகளை என்றிக்கோ பெர்சிக்கோ தொகுக்க, 1925ஆம் ஆண்டில் அது நூலாக வெளிவந்து, பின்னர் ஆங்கிலத்திலும் பெயர்க்கப்பட்டது. மூன்று பொருள்கள் ஒன்றையொன்று ஈர்க்கும் கடினமான கணக்கிலும், நீரலைகளின் கணக்கிலும் அவர் செய்த ஆராய்ச்சிகளும் பெரிதும் மதிக்கப்படுவன. இலண்டன் அரச கழகம் 1922ஆம் ஆண்டில் சில்வெஸ்ரர் பதக்கத்தை வழங்கி, 1930ஆம் ஆண்டில் தன் அயல்நாட்டு அங்கத்தவராகவும் அவரை ஏற்றது.

இவற்றினும் நாம் பெரிதாக மதிப்பது அவருடைய சமாதானப் பணியை. முதலாம் உலகப் போருக்குப் பின் வென்ற நாட்டவர் ஜேர்மனிய அறிஞரைத் தள்ளிவைத்தனர். 1920ஆம் ஆண்டில் ஸ்ராஸ்பேர்க்கிற் கூடிய உலகக் கணித மாநாட்டில் அவர்களுக்கு இடமில்லை. போரை வெறுத்தவரான லெவி-சிவிற்றா, ஜேர்மனியில் கற்பித்துவந்த தியோடர் வொன் கார்மனுடன் சேர்ந்து, 1922ஆம் ஆண்டில் ஒஸ்திரியாவின் இன்ஸ்புரூக் நகரில் நீரியக்கவியல், காற்றியக்கவியல் அறிஞர்களைத் தனிப்பட்ட முறையில் அழைத்துக் கூட்டினார். நேற்றைய பகைவர்கள் ஒரு கரும்பலகையின் முன் அமர்ந்தனர். அடுத்து 1924ஆம் ஆண்டில் ஒல்லாந்தின் டெல்வ்ற் நகரில் கூடிய பிரயோக பொறியியல் மாநாட்டிற்கு அதுவே வித்தாயிற்று.

சோதனைக் காலம்

இத்தாலியில் முசோலினியின் ஆட்சி வலுத்தது. 1925ஆம் ஆண்டில் தத்துவ அறிஞர் குரோச்சே அவ்வாட்சியைக் கண்டித்து வெளியிட்ட அறிக்கையில் லெவி-சிவிற்றாவும் ஒப்பமிட்டார். 1931ஆம் ஆண்டில் பல்கலைக்கழகப் பேராசிரியர் யாவரும் அவ்வாட்சிக்கு விசுவாச உறுதிமொழி அளிக்கவேண்டும் என்ற கட்டளை பிறந்தது. ஏறக்குறைய 1200 பேராசிரியருள் மறுத்தோர் பன்னிருவரளவே. லெவி-சிவிற்றாவின் நண்பரும் சிறந்த கணித மேதையுமான வீற்றோ வொல்ற்றெறா மறுத்துப் பதவியிழந்தார். லெவி-சிவிற்றா உறுதிமொழி அளித்தார்.

பெரியோர் வரலாற்றை எழுதுவோர் இத்தகைய இடங்களை மறைத்துச் செல்வதுண்டு. நாம் மறைக்க விரும்பவில்லை. மறுத்தவரின் துணிவு உயர்ந்தது என்பதில் ஐயமில்லை. மாணவரையும் ஆராய்ச்சியையும் விட்டு நீங்க மனமில்லாது ஒப்பமிட்டோரை, அச்சோதனைக்கு உட்படாத நாம் எளிதில் இகழ்தலும் தகாது. ஆனால் ஒன்றை மட்டும் சொல்லலாம். அளித்த உறுதிமொழி அவரைக் காக்கவில்லை.

1938ஆம் ஆண்டு செப்டெம்பர் மாதத்தில் இனச் சட்டங்கள் வந்தன. யூதர்கள் எவரும் பள்ளியிலோ பல்கலைக்கழகத்திலோ கற்பித்தலாகாது; இத்தாலியக் கழகங்களில் அங்கம் வகித்தலாகாது; அவர்கள் எழுதிய பாடநூல்களையும் வழங்கலாகாது. என்றிக்கசு, வூபினி, வானோ, பெப்போ லெவி முதலிய கணித அறிஞர் பலர் ஒருங்கே நீக்கப்பட்டனர். 65 வயதான லெவி-சிவிற்றாவும் அவருள் ஒருவர். தந்தை எந்த நாட்டின் ஆக்கத்திற்காகக் கரிபால்டியின் பின் சென்றாரோ, அந்நாடே மகனை நீ எம்மவன் அல்லை என்று தள்ளிற்று. வத்திக்கானிலுள்ள போப்பாண்டவரின் அறிவியற் கழகம் மட்டும் அவரைத் தன் உறுப்பினராகத் தொடர்ந்து வைத்திருந்தது.

அவ்வாண்டிலேயே ஜேர்மனியிலும் ஒரு நிகழ்ச்சி. உலகின் கணித ஆராய்ச்சிகளைத் திரட்டிக் கூறும் ஜேர்மனிய மதிப்புரை இதழின் ஆசிரியர் குழுவில் அவர் பெயர் இருந்தது. யூதர் என்பதனால், ஒரு சொல்லும் சொல்லாது அப்பெயர் அகற்றப்பட்டது. அதனைக் கண்ட தலைமை ஆசிரியர் நொய்கபவர் உடனே விலகினார். ஹறால்ட் போர், கூரன்ற், ஹார்டி, தமார்க்கின், வெப்லன் ஆகியோரும் தம் பெயர்களை மீட்டுக்கொண்டனர். 1940ஆம் ஆண்டில் அமெரிக்காவில் நொய்கபவரின் முயற்சியால் புதிய மதிப்புரை இதழொன்று தொடங்கிற்று. அஃது இன்றுவரை கணித உலகிற்கு உழைத்துவருகின்றது. ஒருவருக்கு இழைக்கப்பட்ட அநீதியைத் தமக்கு இழைக்கப்பட்டதாகக் கொண்ட நண்பர்களின் செயல் இது.

நூல்களோடும் துணைவியாரோடும் உரோமாபுரியில் ஒதுங்கி வாழ்ந்த லெவி-சிவிற்றாவின் உடல்நலம் குன்றிற்று. 1941ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் 29ஆம் நாள், 68ஆம் வயதில், அவர் உயிர் நீத்தார். போர் முடிந்ததையும் கொடுஞ்சட்டங்கள் நீங்கியதையும் காண அவர் இருக்கவில்லை. துணைவியார் பேணிவைத்த கடிதங்களும் ஏடுகளும் இன்று லிஞ்சேய் கழகத்தில் உள்ளன. பதுவாப் பல்கலைக்கழகத்தின் கணிதத் துறை அவர் பெயரையே தாங்கியிருக்கின்றது. சந்திரனின் மறுபுறத்திலுள்ள ஒரு பள்ளத்திற்கும் அவர் பெயர் சூட்டப்பட்டுள்ளது.

முடிவுரை

லெவி-சிவிற்றாவின் கணிதத்தை எல்லோரும் கற்க இயலாது. ஆயின் உலக உருண்டையில் நாம் கண்ட அம்பை எல்லோரும் நினைவில் வைத்திருக்கலாம். நேர்மையோடு சுமந்து செல்லப்பட்ட அம்பு, புறப்பட்ட இடத்திற்கு வந்தபின் பழைய திசைக்கு மாறாக நிற்கின்றது. அதனைக் காண்போர் அம்பு பிழைத்தது என்பர். கணிதம் அறிந்தவரோ நிலத்தின் வளைவை ஆராய்வர். 1938ஆம் ஆண்டில் தாம் பிறந்த நாட்டிலேயே அந்நியராக நின்ற முதியவரை நினைக்கும்போது, எமக்கு அவ்வம்பின் நினைவே வருகின்றது. வளைந்தது அவரைச் சூழ்ந்த நாடு.

ஆசிரியரின் கலையைப் பேணினார். பெரியோர் பிழையைப் பணிவோடு திருத்தினார். பகைவரை ஓரிடத்திற் கூட்டினார். இம்மூன்றையும் செய்தற்கு மேதையாய் இருத்தல் வேண்டா. மன்றத்து இளைஞராகிய நாம் ஒவ்வொருவரும் எம்மால் இயன்ற அளவில் செய்யக்கூடியவையே. கரும்பலகையில் ஒரு குறியீடாக அறிமுகமான பெயருக்குப் பின்னால் இத்தகைய வாழ்க்கையொன்று இருந்தது என்பதை அறிந்த மகிழ்ச்சியை அன்பர்களோடு பகிர்ந்துகொண்டு அமைகின்றோம்.